சிங்கவால் குரங்கைக் காப்பாற்ற ஏன் ஒரு காட்டையே தேசியப் பூங்காவாக்கினார்கள்? வேறு காட்டில் பிடித்து விட்டிருக்கலாமே?

கேரளத்தில் இருக்கும் அமைதிப் பள்ளத்தாக்கைப் (சைலன்ட் வேலி) பற்றித்தான் கேட்கிறீர்கள் என்று எடுத்துக்கொள்கிறேன். பிடித்து எங்கே விடுவது? சிங்கவால் குரங்கு, அதாவது சோலைமந்தி, உலகிலேயே மேற்குத் தொடர்ச்சி மலையில் மட்டும்தான் இயற்கையாக வாழ்கிறது. அதிலும் பசுமைமாறா மழைக்காடுதான் அதன் வீடு. பெரும்பாலான நேரம் மரத்தின் மேலேயே இருக்கும். கிளைக்குக் கிளை தாவித்தான் பயணம். வெடிப்பலா மரத்தின் பூவும் விதையும் அதற்கு முக்கிய உணவு. இப்படி மரங்கள் நெருங்கி வளர்ந்த பழைய காட்டை நாற்று நட்டு பத்து இருபது வருடத்தில் உருவாக்கிவிட முடியாது.

காடு துண்டானால் என்ன ஆகும் என்பதற்கு வால்பாறையைப் பாருங்கள். தேயிலைத் தோட்டங்களுக்கு நடுவே சிக்கிய குரங்குகள் தரையிறங்கி, சாலையில் வண்டியில் அடிபடுகின்றன. அதற்காகவே மரத்துக்கு மரம் பாலம் கட்டியிருக்கிறார்கள். நல்ல ஏற்பாடுதான், ஆனால் காட்டுக்கு ஈடாகாது.

சரி, பூங்காவுக்கு வருவோம். பாலக்காடு மாவட்டத்தில் குந்திப்புழா ஆற்றின் குறுக்கே நீர்மின் அணை கட்டத் திட்டமிட்டார்கள். கட்டியிருந்தால் ஆற்றோரக் காடு மூழ்கியிருக்கும். பெரிய எதிர்ப்புக்குப் பிறகு திட்டம் கைவிடப்பட்டு, 1984இல் தேசியப் பூங்கா அறிவிக்கப்பட்டது. பரப்பு சுமார் 90 சதுர கிலோமீட்டர்தான். குரங்கின் பெயரில் நடந்த போராட்டம், அந்த ஆற்றையும் சேர்த்தே காப்பாற்றிவிட்டது.