உள்மனப் போராட்டத்தை வசனமே இல்லாமல் குறும்படமாக்க முடியுமா, அதுவும் ஒரே நடிகரை வைத்து?

முடியும். வசனத்தை நம்பிக் கெட்டவன் என்ற முறையில் சொல்கிறேன்.

சிங்கப்பூரின் ஈசூனில் எங்கள் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டிலேயே எட்டு நிமிடப் படம் ஒன்று எடுத்தேன். அலுவலகத்தில் ஒருவன், வீட்டில் வேறொருவன் என்று வாழும் தமிழ் இளைஞன்தான் கதை. முதல் தொகுப்பில் "நான் யார்?" என்று பின்னணிக் குரல் நான்கு முறை கேட்டது. பார்த்த என் அக்கா, "எல்லாவற்றையும் அவனே சொல்லிவிடுகிறானே, நான் எதற்குப் பார்க்க வேண்டும்?" என்றாள். அன்றிரவே குரலை முழுவதும் நீக்கினேன்.

மாயா டெரனும் அலெக்சாண்டர் ஹாமிடும் 1943இல் எடுத்த 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்' படத்தை முதலில் பாருங்கள். சுமார் 14 நிமிடம், பேச்சே கிடையாது. இன்று அதில் கேட்கும் இசைகூட 1959இல் சேர்த்ததுதான். ஒரு சாவி, ஒரு கத்தி, முகத்துக்குப் பதில் முகம் பார்க்கும் கண்ணாடி வைத்த கறுப்பங்கி உருவம். இவையே திரும்பத் திரும்ப வரும், வரும்போதெல்லாம் கொஞ்சம் மாறியிருக்கும். ஒரே பெண் மூவராகி ஒரு மேசையைச் சுற்றி உட்காருவாள். அத்தனையும் வீட்டுக்குள் கிடக்கும் பொருள்கள்தான்.

என் படத்தில் அப்படி அமைந்த ஒரே பொருள், தற்செயலாகக் கிடைத்தது. சாப்பிட உட்கார்ந்த நடிகர், கழுத்தில் தொங்கிய அலுவலக அட்டையைக் கழற்ற மறந்துவிட்டார். குனிந்ததும் அது ரசத்தில் விழுந்தது. அவர் அதை எடுத்து, சட்டையில் துடைத்து, மறுபடியும் மார்பில் தொங்கவிட்டுக்கொண்டு சாப்பிட்டார். நான் எழுதிய எந்தக் காட்சியும் அதன் பக்கத்தில் நிற்கவில்லை.

ஒரே ஆளை இருவராகக் காட்டுவது எளிது. கேமராவை முக்காலியில் அசையாமல் நிறுத்தி, இடப்பக்கம் ஒரு முறை, வலப்பக்கம் ஒரு முறை எடுத்து நடுவில் ஒட்டுங்கள். ஒட்டும் கோடு கதவு நிலையோடு சேர்ந்து ஓடினால் கண்ணுக்குத் தெரியாது. ஒளியளவையும் வண்ணச் சமநிலையையும் தானியங்கியில் விடாதீர்கள். நான் விட்டேன், பிற்பகல் மேகம் ஒன்று கடந்ததில் பாதிச் சுவர் நீலம், பாதி மஞ்சள். பிறகு சன்னல் திரையை இழுத்துவிட்டுக் குழல்விளக்கில் எடுத்தோம். இங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் ஷட்டர் வேகத்தை 1/50 அல்லது 1/100 நொடியில் வையுங்கள், இல்லாவிட்டால் விளக்கு சிமிட்டும்.

இருவரும் முறைத்துக்கொள்ளும் காட்சிக்குப் பார்வை பொருந்த வேண்டுமே! நடிகரின் உயரத்துக்கு ஒரு விளக்குமாற்றை நாற்காலியில் கட்டி நிறுத்தினோம். படத்தில் தன் மீதே அவர் காட்டும் அத்தனை வெறுப்பும் அந்த விளக்குமாற்றைப் பார்த்து வந்ததுதான்.