கூலிவேலை என்ற சொல்

அன்புள்ள சார்,

சென்னையில் ஒரு ஸ்டூடியோவில் மூன்று வருடமாக ரோட்டோ செய்கிறேன், அதாவது ஃப்ரேம் ஃப்ரேமாக உருவத்தின் ஓரத்தை வரைந்து பின்னணியிலிருந்து பிரித்தெடுக்கும் வேலை. வி.எஃப்.எக்ஸ். (காட்சி விளைவுகள்) சூப்பர்வைசர் ஆகவேண்டும் என்பது என் கனவு. நியூக் மென்பொருள் மட்டும் போதுமா, ஹூடினியும் படிக்கவேண்டுமா? எத்தனை வருடம் ஆகும்? ரோட்டோ வெறும் கூலிவேலை, ஏ.ஐ. வந்ததும் முதலில் போவது அதுதான், சீக்கிரம் வெளியே வா என்கிறார்கள் நண்பர்கள். எனக்கும் சலித்துவிட்டது. ஒரு வழி சொல்லுங்கள்.

எஸ்.

அன்புள்ள எஸ்,

தனித்தனியாக எடுத்தவற்றை ஒரே காட்சியாகச் சேர்க்கும் கம்பாசிட்டிங் பக்கம் போவதென்றால் நியூக். தீ, தண்ணீர், புழுதி செய்ய ஆசை இருந்தால் ஹூடினி. எதில் என்ன முடியும், எத்தனை நாள் பிடிக்கும் என்று தெரிந்திருப்பது சூப்பர்வைசருக்குப் போதும். ரோட்டோ, வேண்டாததை அழிக்கும் பெயிண்ட், கம்பாசிட்டிங், குழுவை நடத்தும் லீட் என்று ஏறிவரப் பத்து வருடத்துக்குக் குறையாது. ஏ.ஐ. எளிய உருவங்களை இப்போதே வெட்டிக்கொடுக்கிறது, அதில் உங்கள் நண்பர்கள் சொல்வது சரிதான்.

ஆனால் கூலிவேலை என்று எழுதிவிட்டீர்களே, அதை விட்டுவிட்டுப் போக என்னால் முடியவில்லை. சில வாரங்களாக மனதில் ஓடிக்கொண்டிருப்பதும் இதுதான்.

மூன்று வருடமாக உங்கள் கைக்கு வந்த ஷாட்கள் ஏன் வந்தன என்று ஒருநாளாவது கேட்டிருக்கிறீர்களா? விநாடிக்கு 24 ஃப்ரேம், 4 விநாடி ஷாட் என்றால் 96 ஃப்ரேம். நாயகியின் கூந்தல் ஓரத்தை 96 தடவை வரைந்திருக்கிறீர்கள். பின்னால் ஒழுங்காகப் பச்சைத் திரை கட்டியிருந்தால் பெரும்பகுதி கீ-யிலேயே, அதாவது கணினி பச்சையை நீக்குவதிலேயே, கிடைத்திருக்கும். ஏன் கட்டவில்லை? கட்டியும் ஏன் உங்களிடம் வந்தது? படப்பிடிப்பில் செய்த தவறெல்லாம் கடைசியில் ரோட்டோக்காரர் மேசையில்தான் வந்து இறங்குகிறது. மூன்று வருடம் அந்த மேசையில் உட்கார்ந்துவிட்டு எதுவும் கற்கவில்லை என்றால் தப்பு வேலையில் இல்லை, தம்பி.

நான் சொல்லும் காரணங்களை உங்கள் ஷாட்களோடு ஒப்பிட்டுப் பாருங்கள். நடிகர் திரையை ஒட்டி நின்றிருப்பார். தோளிலும் கன்னத்து ஓரத்திலும் பச்சை ஏறியிருக்கும். 10, 12 அடி தள்ளி நிறுத்தியிருந்தால் அது வெகுவாகக் குறைந்திருக்கும். திரைக்குத் தனி விளக்கு இருந்திருக்காது, ஆகவே நடுவில் வெளுப்பு, மூலையில் இருட்டு. ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் இரட்டிப்பது அல்லது பாதியாவது. திரை முழுக்க அரை ஸ்டாப்புக்குள் சீராக இருக்கவேண்டும், நடிகர் மேல் விழும் முக்கிய வெளிச்சத்தைவிட அரை ஸ்டாப், ஒரு ஸ்டாப் குறைவாக. வெளிச்ச அளவை வரைந்து காட்டும் வேவ்ஃபார்ம் மானிட்டரில் திரை மெல்லிய கோடாகத் தெரிந்தால் சரி, பட்டையாக அகன்றால் விளக்கை நகர்த்தவேண்டும். திரைக்கு முன்னால் புகை போட்டிருந்தால் கீ போச்சு. புகையைப் பிறகு தனியாகச் சேர்க்கலாம். ஒட்டியாணம், குத்துவிளக்கு, பட்டு ஜரிகை எல்லாம் பச்சையை வாங்கித் திருப்பிக் காட்டும். அப்படிப்பட்ட ஷாட்டுக்குச் சாம்பல் துணி கட்டிவிட்டு, ரோட்டோவுக்கு நாள் ஒதுக்குவதே நல்ல முடிவு. அந்த முடிவைத் துணிந்து எடுக்கத் தெரிந்தவர் ரோட்டோவின் அருமை தெரிந்தவராகத்தான் இருப்பார்.

கேமராவின் அசைவைக் கணினி பின்தொடர்வதற்காகத் திரையில் ஒட்டும் டிராக்கிங் குறிகளையும் கவனியுங்கள். கேமரா நகர்ந்தால் குறி வேண்டும். ஆனால் அடிக்கு ஒன்றாக ஒட்டினால், கூந்தலுக்குப் பின்னால் வரும் ஒவ்வொன்றையும் ஒருவர் உட்கார்ந்து அழிக்கவேண்டும். ஐந்தடிக்கு ஒன்று பெரும்பாலும் போதும். எல்லாம் திரையில் மட்டும் இருந்தால் ஆழம் தெரியாது, ஆகவே தரையிலோ ஸ்டாண்டிலோ வேறு தூரங்களிலும் சில வைக்கவேண்டும். லென்ஸ், அதன் உயரம், சாய்வு, ஃபோகஸ் தூரம் எல்லாவற்றையும் டேக் நடக்கும்போதே குறித்துக்கொள்ளவேண்டும். மறுநாள் கேட்டால் யாருக்கும் நினைவிருக்காது.

எல்லாவற்றையும்விடப் பெரிது வெளிச்சம். நிஜ இடத்தின் ஒளியை அளந்து, அதைக்கொண்டே கணினிப் பொருளுக்கு ஒளியூட்டும் முறையை பால் டெபெவெக் 1998-ல் வெளியிட்டார். இன்றும் அதையேதான் செய்கிறோம். கணினியில் செய்யும் மிருகம், உதாரணமாக, காட்சியில் எங்கே நிற்கப்போகிறதோ அதே இடத்தில் சாம்பல் பந்து, பளபளக்கும் குரோம் பந்து இரண்டையும் பிடித்து, படம் எடுத்த கேமராவிலேயே பதிவு செய்யவேண்டும். கேமரா பக்கத்தில் பிடித்தால் பயனில்லை. பிறகு அங்கேயே டிரைபாடில் ஸ்டில் கேமரா, மிக அகலமாகப் பார்க்கும் 8 மி.மீ. ஃபிஷ்ஐ லென்ஸ். அப்பர்சர், ஐ.எஸ்.ஓ., ஒயிட் பேலன்ஸ் மூன்றும் மாறக்கூடாது. ஷட்டரை மட்டும் மாற்றி, இரண்டிரண்டு ஸ்டாப் இடைவெளியில் 7 படம். இப்படி மூன்று நான்கு திசையில். உச்சிவெயிலில் அதிவேக ஷட்டரிலும் சூரியன் வெளுத்துவிடும், வெளிச்சத்தைக் குறைக்கும் என்.டி. ஃபில்டர் போட்டு இன்னொரு சுற்று எடுக்கவேண்டும். மொத்தம் ஐந்து நிமிடம். ஆனால் டைரக்டர் ஓகே சொன்ன மறுநொடி விளக்குகள் அணைந்துவிடும். ஷாட்டுக்கு முன்பே உதவி இயக்குநரிடமும் லைட்மேன்களிடமும் சொல்லிவைக்காவிட்டால் அந்த ஐந்து நிமிடம் கிடைக்காது.

'சிவாஜி' (2007) படத்தில் ரஜினியின் நிறத்தை மாற்றிய பாட்டு நினைவிருக்கிறதா? வெள்ளைக்காரப் பெண் ஒருவரையும் அதே ஷாட்களில் படமெடுத்து, அவர் தோலில் ஒளி விழும் விதத்தையே மாதிரியாகக் கொண்டார்கள். படப்பிடிப்பில் அதை எடுத்துவைக்காமல் போயிருந்தால் எந்த மென்பொருளும் கைகொடுத்திருக்காது. 'போஸ்ட்ல பாத்துக்கலாம்' என்று சொல்பவர்கள் மேல் எனக்குக் கோபம் வருவது இதனால்தான். அவர்கள் மிச்சம்பிடிக்கும் ஐந்து நிமிடம் உங்களைப் போன்றவர்களின் ஐந்து ராத்திரி.

சலிப்பு எனக்குப் புரிகிறது. காலை முதல் இரவு வரை ஒரு காதோரத்தையே பார்த்துக்கொண்டிருந்தால் யாருக்கும் கண் எரியும், மனம் வாடும். வேலையை விடுவதற்கு முன் ஒன்று செய்யுங்கள். உங்கள் லீடிடம் சொல்லி, படப்பிடிப்பில் டேட்டா எடுக்கும் குழுவோடு ஒரு ஷெட்யூலாவது போய்வாருங்கள். அதுவரை, ஒரு நோட்டுப் போட்டு, கைக்கு வரும் ஒவ்வொரு ஷாட்டும் ஏன் ரோட்டோவுக்கு வந்தது, அங்கே எதை மாற்றியிருந்தால் வந்திருக்காது என்று இரண்டு வரி எழுதுங்கள். அடுத்த கடிதத்தில் அப்படிப் பத்து ஷாட்டின் காரணங்களை, ஷாட்டை யாருக்கும் காட்டாமல், எழுதி அனுப்புங்கள். உட்கார்ந்து வாசித்துப் பதில் போடுகிறேன்.