ஆபத்தான வேலைமுறை எப்படி வழமையாகிறது?

ஆபத்து என்று தெரிந்த ஒன்றை ஒரு நிறுவனமே எப்படி ஏற்றுக்கொள்கிறது என்று கேட்டிருந்தீர்கள்.

கிளிநொச்சிப் பக்கம் ஒரு நெல் ஆலையில் கொஞ்சக் காலம் வேலை செய்தேன். காலபோக அறுவடை நேரம், பெல்ட் மாற்றுவதற்காக அதை மூடியிருந்த இரும்பு வலையைக் கழற்றினார்கள். நெல் குவிந்து கிடந்தது, திரும்பப் பூட்ட நேரமில்லை. அன்று ஒன்றும் நடக்கவில்லை; அடுத்த நாளும் இல்லை. சிக்கலே அதுதான். ஒன்றும் நடக்காத ஒவ்வொரு நாளும் 'வலை தேவையில்லை' என்பதற்குச் சாட்சியாகிவிட்டது. சிறுபோகம் வந்தபோது வலை சாக்குகளுக்கு அடியில் கிடந்தது. புதிதாக வந்த பெடியன் கேட்டதற்கு, "ஒண்டும் ஆகாது தம்பி, நாங்கள் இப்பிடித்தான் ஓட்டுறது" என்றார் மூத்த அண்ணை ஒருவர். பெடியன் பிறகு கேட்கவில்லை. (ஒருநாள் அந்த அண்ணையின் சாரமே பெல்ட்டில் சிக்கியது. நல்ல காலம், சாரம் மட்டும்தான் போனது.)

சரி, படித்தவர்கள் அப்படிச் செய்யமாட்டார்களா? நாசாவின் விண்ணோடங்களில், உந்து ராக்கெட்டின் மூட்டுகளில் சூடான வாயு கசியாமல் அடைக்கும் ரப்பர் வளையங்கள் அரிபடுவது 1981இலேயே தெரிந்திருந்தது. ஓடங்கள் பத்திரமாகத் திரும்பியதால் அது 'தாங்கக்கூடிய சேதம்' ஆனது. 1986 சனவரி 28, கடுங்குளிர்; வளையங்கள் இறுகிப்போய்ச் சரியாக அடைக்கவில்லை. சாலஞ்சர் என்ற ஓடம் கிளம்பி 73 விநாடிகளில் சிதறி, அதில் இருந்த 7 பேரும் இறந்தார்கள். சமூகவியலாளர் டயான் வாகன் இதற்கு 'விலகல் வழமையாதல்' என்ற பொருளில் பெயர் வைத்தார். விதியை மீறுகிறோம் என்ற நினைப்பே அங்கே பலருக்கு இருக்கவில்லை என்பதுதான் அவர் கண்டது.