அகஸ்தியம்பள்ளியில் இறங்குங்கள்

கேள்வி: விடுமுறைக்குப் பிள்ளைகளோடு கோடியக்கரை போகிறோம். வழியில் அகஸ்தியம்பள்ளியில் உப்புச் சத்தியாகிரக நினைவுத்தூண் இருக்கிறதாமே? இறங்கிப் பார்க்க அங்கே என்ன இருக்கிறது?
- ஒரு வாசகி, மதுரை

பதில்: அவசியம் இறங்குங்கள் அம்மா. தூணைப் பார்த்து முடிக்க ஐந்து நிமிடம் போதும். ஆனால் அது நிற்கும் இடம் பெரிய இடம். 1930 ஏப்ரல் 30 அன்று ராஜாஜி அந்தப் பக்கத்தில்தான் உப்பை அள்ளிக் கைதானார். ஆறு மாதச் சிறை.

பாடப்புத்தகம் அதோடு நிறுத்திவிடும். பிள்ளைகளுக்கு நீங்கள் சொல்ல வேண்டியது அதற்கு முந்தைய பதினைந்து நாட்களை. ஏப்ரல் 13, சித்திரை முதல் நாள், திருச்சியிலிருந்து ராஜாஜி தலைமையில் சுமார் நூறு பேர் நடக்கத் தொடங்கினார்கள். தஞ்சாவூர், கும்பகோணம், மன்னார்குடி, திருத்துறைப்பூண்டி என்று சுற்றிக்கொண்டு 28-ஆம் தேதி, அகஸ்தியம்பள்ளிக்குப் பக்கத்து ஊரான வேதாரண்யம் வந்து சேர்ந்தார்கள். தஞ்சை கலெக்டர் தார்ன், இவர்களுக்குச் சோறோ தங்க இடமோ கொடுத்தால் சிறை என்று அறிவித்திருந்தார். சரி, நேரில் கொடுத்தால்தானே குற்றம்? ஜனங்கள் சோற்றுப் பொட்டலங்களைச் சாலையோர மரக்கிளைகளில் கட்டிவிட்டுப் போனார்கள். அந்தக் கைகள் யாருடையவை என்று எந்தக் கல்வெட்டிலும் இல்லை. எனக்கு அந்தத் தூண் முதலில் அவர்களுக்குத்தான்.

பெயர் தெரிந்த ஒருவரும் உண்டு. முடிதிருத்தும் தொழிலாளி வைரப்பன். போலீஸ்காரர்களுக்குச் சவரம் செய்வதில்லை என்று ஊரில் கட்டுப்பாடு. சவரத்துக்கு உட்கார்ந்த ஒருவர் போலீஸ் என்று பாதியில் தெரிந்ததும் கத்தியை வைத்துவிட்டார். நீதிமன்றத்தில் மீதியை முடிக்கச் சொன்னபோதும் மறுத்துச் சிறைக்கே போனார். அன்றாடம் உழைத்தால்தான் அடுப்பெரியும் மனிதருக்கு அது எவ்வளவு பெரிய முடிவு! உங்கள் பிள்ளைகள் இந்தக் கதையை மறக்கவே மாட்டார்கள், பாருங்கள்.

அப்புறம், வேதாரண்யத்தில் தொண்டர்களுக்கு எல்லாமாக இருந்தவர் சர்தார் வேதரத்தினம். சிறையோடு சொத்துப் பறிமுதலும் அவருக்கு நேர்ந்தது. 1946-இல் அவர் தொடங்கிய கஸ்தூரிபா காந்தி கன்யா குருகுலம் ஊரில் இன்றும் நடக்கிறது.

தூணைப் பார்த்த கையோடு பக்கத்து உப்பளத்தையும் காட்டுங்கள். கோடைதான் உப்புக் காலம். பாத்தியில் கட்டிய தண்ணீர் வெயிலில் சுண்டி உப்புப் பூக்கும். தொழிலாளர்கள் அதை வாரிக் குவிப்பார்கள். வரப்பில் ஏறுமுன் அவர்களிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள். வெயில் ஏறினால் கண் கூசும், அதனால் காலையிலேயே போய்விடுவது நல்லது. அடுத்த ஆண்டு ஏப்ரல் 30-க்கு வர முடிந்தால் இன்னும் விசேஷம். திருச்சியிலிருந்து நடந்து வருபவர்களோடு ஊர்க்காரர்களும் சேர்ந்து அங்கே உப்பு அள்ளுவார்கள். திருத்துறைப்பூண்டியிலிருந்து அகஸ்தியம்பள்ளிக்கு 2023 முதல் மறுபடி ரயிலும் ஓடுகிறது.