மறு: ரோஜே கரேலின் டப்பிங் பட்டியல்

பிரெஞ்சு டப்பிங் கலைஞர் ரோஜே கரேல் (1927–2020) குரல் கொடுத்தவற்றைத் தொகுக்கும்போது பழைய பிரெஞ்சு டைட்டிலில் ஸ்டார் வார்ஸ் ரோபோ சி-3பிஓவின் பெயரே இல்லை என்கிறீர்கள். இருக்காது. அந்த ரோபோவுக்கு அங்கே இசட்-6பிஓ என்று பெயர் வைத்துவிட்டார்கள். அதனால் முதலில் பாத்திரத்தின் பிரெஞ்சுப் பெயரைக் கண்டுபிடித்துவிட்டுத் தேடுங்கள்.

பட்டியலில் படத்துக்கு ஒரு வரி என்றும் போடாதீர்கள். ஒரே படத்தில் வின்னி கரடியின் குரலும் கரேல்தான், பன்றிக்குட்டி போர்சினேயின் (ஆங்கிலத்தில் பிக்லெட்) குரலும் அவர்தான். பாத்திரத்துக்கு ஒரு வரி வேண்டும்.

பிரெஞ்சு காமிக்ஸ் நாயகன் ஆஸ்டெரிக்ஸில்தான் பலரும் சறுக்குகிறார்கள். 1967 முதல் 2014 வரை கார்ட்டூன் படங்களில் அவனுக்குக் குரல் கரேல். 2018 படத்தில் கிறிஸ்தியான் க்ளாவியே. 1999-இல் நடிகர்களை வைத்து எடுத்த படத்தில் அந்த வேடத்தில் நடித்தவரும் க்ளாவியேதான். அவன் நண்பன் ஒபெலிக்ஸுக்குக் குரல் கொடுத்தவரும் ஒரே ஆள் அல்ல: 1967-இல் ஜாக் மொரேல், 1976-இல் பியேர் தோர்னாத்.

படம் வந்த ஆண்டையும் டப்பிங் ஆண்டையும் தனித்தனி நெடுவரிசையில் எழுதுங்கள்; ஒரே படத்துக்குப் பல முறை டப்பிங் நடந்திருக்கலாம். ஸ்னோ ஒயிட் என்ற ஒரு படத்துக்கே 1938, 1962, 2001 என மூன்று பிரெஞ்சு டப்பிங்குகள்! டிவிடியில் பார்த்தால் ஒலியைப் பிரெஞ்சுக்கு மாற்றிவிட்டு எண்ட் டைட்டில் முழுவதும் ஓடவிடுங்கள். டப்பிங் பெயர்கள் பெரும்பாலும் கடைசி அட்டையில்தான் வரும்.