'த ஃபர்காட்டன் ஆர்மி' தொடர் வந்துவிட்ட பிறகு, ஜப்பானியர் துணையோடு ஆங்கிலேயரை எதிர்த்துப் போரிட்ட இந்திய தேசிய ராணுவத்தைப் பற்றி இன்னொரு போர்த் தொடர் எடுக்க என்ன மிச்சம் இருக்கிறது?

கபீர் கான் இயக்கி 2020இல் வெளிவந்த அந்த ஐந்து பகுதித் தொடர், ஓர் இளம் அதிகாரியின் வாழ்க்கை வழியாகச் சிங்கப்பூரின் வீழ்ச்சியையும் பர்மாப் போரையும் சொன்னது. 1942 பிப்ரவரி 15 அன்று ஆங்கிலேயர் சரணடைய, இரண்டு நாள் கழித்து ஃபேரர் பூங்காவில் ஜப்பானியரிடம் ஒப்படைக்கப்பட்ட ஏறத்தாழ 45,000 இந்தியச் சிப்பாய்களின் தவிப்பு திரைக்கு வர வேண்டியதுதான். ஆனால், பட்டாளத்தையே பார்த்திராமல் மலாயாவின் ரப்பர் தோட்டங்களிலிருந்து நேராக வந்து சேர்ந்த தமிழர்களின் கதை இன்னும் முழுமையாகச் சொல்லப்படவில்லை என்றே நான் கருதுகிறேன். அந்தப் படையைப் பற்றி வாசிக்கும்போதெல்லாம் என் மனம் அவர்களிடமே போய் நிற்கிறது.

அவர்களில் பலர் இந்தியாவைக் கண்ணால் கண்டதில்லை. விடியுமுன் எழுந்து பால்மரம் சீவி, கங்காணிக்கும் வெள்ளைக்காரத் துரைக்கும் அஞ்சி வாழ்ந்தவர்கள், 1943 ஜூலையில் சுபாஷ் சந்திர போஸ் சிங்கப்பூரில் தலைமை ஏற்றதும், பெற்றோர் விட்டுவந்த நாட்டுக்காகத் துப்பாக்கி ஏந்த முன்வந்தார்கள். போஸ் இந்துஸ்தானியில் பேசியது அவர்களுக்குத் தமிழில் மொழிபெயர்த்துச் சொல்லப்பட்டது. அணிவகுப்புக் கட்டளைகளும் இந்துஸ்தானியிலேயே இருந்தன. எல்லோரையும் நாட்டுப்பற்று மட்டுமே அழைத்துவந்தது என்று எழுதினால் அது பொய்யாகிவிடும். போரால் தோட்ட வேலை முடங்கியிருந்தது. ஜப்பானியர் போட்ட சயாம் ரயில் பாதை வேலைக்குப் பிடித்துச் செல்லப்பட்ட தமிழர்கள் ஆயிரக்கணக்கில் மடிந்துகொண்டிருந்தார்கள். அந்தக் கொடுமைக்குத் தப்பவும் சிலர் சேர்ந்தார்கள் என்பதைத் தொடர் மறைக்கக் கூடாது. பசியோடும் அச்சத்தோடும் வந்தவன் இம்பால் மலைக்காட்டில் 1944இன் மழையிலும் மலேரியாவிலும் படையை விட்டு ஓடாமல் நின்றான் என்றால், அவன் மீது என் மதிப்பு கூடத்தான் செய்கிறது.

அந்த ராணுவத்தின் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படைக்கு மட்டுமே தனியாக ஒரு பகுதி வேண்டும். சென்னையில் மருத்துவம் படித்த கேப்டன் லட்சுமி தலைமையேற்ற அந்தப் படையின் முகாம் 1943 அக்டோபர் 22 அன்று சிங்கப்பூரில் தொடங்கியது. அங்கே பயிற்சி பெற்றவர்களில் மிகப் பலர் தோட்டத்துத் தமிழ்ப் பெண்கள். கோலாலம்பூரிலிருந்து பதின்ம வயதில் வந்து சேர்ந்த ஜானகி, படையின் தலைமைப் பொறுப்பு வரை உயர்ந்தார். பிற்காலத்தில் மலேசிய நாடாளுமன்ற மேலவையிலும் அமர்ந்தார். அந்தப் பெண்கள் போர்முனைக்கு அனுப்பப்படவில்லை என்பதைக் காட்டிப் பலர் அவர்களைக் குறைத்துப் பேசுவது எனக்கு வேதனை அளிக்கிறது. பர்மாவின் மேமியோ மருத்துவமனையில் காயம்பட்டவர்களைப் பேணியதும், 1945 ஏப்ரலில் ரங்கூனைவிட்டு விமானத் தாக்குதலுக்கு அஞ்சி இரவிரவாக நடந்து பின்வாங்கியதும் போரில் சேராதவையா?

இத்தகைய கதைகள் வழக்கமாக, அந்த ராணுவத்தின் அதிகாரிகள் மீது ஆங்கிலேயர் நடத்திய தில்லிச் செங்கோட்டை வழக்கோடு முடியும். 1945 நவம்பரில் தொடங்கிய அந்த விசாரணையில் ஷா நவாஸ் கான், பிரேம் சைகல், குர்பக்ஷ் சிங் தில்லான் மூவருக்காகவும் நாடே கொதித்தது. அதைக் காட்டத்தான் வேண்டும். ஆனால் அதே மாதங்களில், சீருடையைக் கழற்றிவிட்டு மலாயாவுக்குத் திரும்பிய ஒரு தமிழன் மறுபடியும் பால்மரம் சீவும் உளியைக் கையில் எடுத்தான். அவனுக்காக எந்த ஊர்வலமும் நடக்கவில்லை. நான் பார்க்க விரும்பும் தொடரின் கடைசிக் காட்சி அந்த ரப்பர் தோட்டத்தில்தான் இருக்கும்.