மூன்றடிக்குக் கீழே உள்ள சுவர்

கேள்வி: கட்டடக்கலை படித்துவருகிறேன். குழந்தைகளும் குடும்பத்தினரும் பார்க்கும் படங்களுக்கு மட்டும் புரொடக்‌ஷன் டிசைனராகப் பணிபுரிய ஆசை. கலை இயக்குநர் என்பவரும் இவரும் ஒருவர்தானா? இவ்வகைப் படங்களுக்கெனத் தனித் திறமை வேண்டுமா?

பதில்: இருவரும் வேறு, ஆனால் சிறிய படங்களில் இரண்டு வேலைகளையும் ஒருவரே பார்ப்பதுண்டு. 1939-இல் வெளியான ‘கான் வித் த விண்ட்’ படத்தின் காட்சித் தோற்றம் முழுவதையும் வகுத்த வில்லியம் கேமரன் மென்சீஸுக்காகத் தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக் சூட்டிய பதவிப்பெயர்தான் ‘புரொடக்‌ஷன் டிசைனர்’. படம் எப்படித் தோன்ற வேண்டும் என்று முடிவுசெய்பவர் புரொடக்‌ஷன் டிசைனர். அம்முடிவை வரைபடமாகவும் செட்டாகவும் மாற்றும் வேலையை அவருக்குக் கீழே நடத்துபவர் கலை இயக்குநர்.

தனித் திறமை என்றால், முதலில் கண்மட்டத்தைச் சொல்வேன். கேமரா பிள்ளையின் உயரத்துக்கு இறங்கியதும் மேசையின் அடிப்பக்கமும் கூரையும் காட்சிக்குள் வந்துவிடுவதால், வழக்கமாக யாரும் கவனிக்காத அந்த இடங்களையும் வடிவமைத்தாக வேண்டும். ஆறு வயதுப் பிள்ளையின் அறை என்றால், சுவரில் மூன்றடிக்குக் கீழே கை பட்டுப் பட்டுப் படிந்த அழுக்கும், கிரேயான் கோடுகளும், பாதி உரித்த ஸ்டிக்கரின் பிசினும் இருக்கும். அதற்கு மேலே சுவர் ஏறக்குறைய புதிதாகவே இருக்கும். கதவின் கைப்பிடியைச் சற்று உயர்த்திப் பொருத்தினால் போதும், பிள்ளை இன்னும் சிறியதாகத் தெரியும். குழந்தை நடிகர்களின் வேலை நேரத்துக்குப் பல நாடுகளில் சட்ட வரம்பு உள்ளதால், சுவர்களைச் சட்டென்று கழற்றி மாட்டும்படி அமைப்பதும் உங்கள் பொறுப்பே.

‘மட்டும்’ என்ற சொல்லைத்தான் விட்டுவிடச் சொல்வேன். எட்டு ஹாரி பாட்டர் படங்களையும் வடிவமைத்த ஸ்டூவர்ட் கிரெய்க், அதற்கு முன்பே ‘காந்தி’ உள்ளிட்ட மூன்று படங்களுக்கு ஆஸ்கர் பெற்றிருந்தார். ஹாரி பாட்டர் படிக்கும் பள்ளியின் பெரிய கூடத்துத் தரையில் அவர் அசல் கல்லைப் பதிக்கச் செய்தார். செலவுதான், ஆனால் நூற்றுக்கணக்கான பிள்ளைகள் ஆண்டுக்கணக்கில் மிதித்த தரையில் பலகையும் சாயமும் தாங்கியிருக்குமா?

கலைத் துறையில் உதவியாளராகவோ வரைவாளராகவோ நுழைந்துதான் பெரும்பாலோர் மேலே வருகிறார்கள். அளவு பிசகாமல் வரையும் உங்கள் பயிற்சி அங்கே உடனே பயன்படும். வேலை கேட்டுப் போகும்போது கற்பனை மாளிகைகளைக் காட்டாமல், நீங்கள் நன்கறிந்த ஓர் அறையைப் பெரியவரின் கண்மட்டத்தில் ஒன்றும் பிள்ளையின் கண்மட்டத்தில் ஒன்றுமாக வரைந்து எடுத்துச்செல்லுங்கள்.